விளக்கொளியில் ஒரு தாள்

நேயர்களுக்கு வணக்கம்.

நாட்டுப்பற்றைப் பற்றிப் பேசச் சொன்னால் கொடி, எல்லை, போர்வீரன் என்று தொடங்குவது வழக்கம். நான் ஒரு காகிதத்திலிருந்து தொடங்குகிறேன்.

1898 ஆகஸ்ட் 13, பாரிஸ். போர் அமைச்சகத்தில் இரவு நேரம். குய்ஞே என்ற கேப்டன் விளக்கடியில் ஒரு கடிதத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். துண்டு துண்டாகக் கிழிந்து, பிறகு ஒட்டிச் சேர்த்த கடிதம். கோடு போட்ட தாள். வெளிச்சத்தில் பிடித்துப் பார்க்கும்போது, தலைப்பும் கையொப்பமும் உள்ள துண்டுகளில் கோடுகள் ஒரு நிறமாகவும், நடுவே செய்தி உள்ள துண்டுகளில் வேறு நிறமாகவும் தெரிகின்றன. இரண்டு கடிதங்களை ஒன்றாக ஒட்டியிருக்கிறார்கள்.

அது சாதாரணக் கடிதம் அல்ல. ஐந்து வாரம் முன்புதான் போர் அமைச்சர் அதை நாடாளுமன்றத்தில் வாசித்துக் காட்டியிருந்தார். அந்த உரையை நாடெங்கும் சுவரொட்டியாக ஒட்டச் சொல்லி உறுப்பினர்கள் தீர்மானமும் போட்டிருந்தார்கள். ஜெர்மனிக்கு உளவு சொன்னதாகத் தண்டிக்கப்பட்ட ஆல்ஃபிரெட் டிரைஃபஸ் என்ற யூத அதிகாரிக்கு எதிரான அசைக்க முடியாத சான்று என்று அதைத்தான் காட்டினார்கள்.

கொஞ்சம் பின்னால் போகலாம். 1894-ல் பாரிஸிலிருந்த ஜெர்மன் தூதரகத்தின் குப்பையிலிருந்து ஒரு சீட்டு கிடைத்தது. பிரெஞ்சு ராணுவத் தகவல்களை விற்க முன்வந்தவனின் கையெழுத்து அதில் இருந்தது. அது டிரைஃபஸின் எழுத்து மாதிரி இருக்கிறது என்று முடிவு கட்டினார்கள். அவர் தரப்புக்குக் காட்டாமலே நீதிபதிகளிடம் ஓர் இரகசியக் கோப்பை நீட்டி, தண்டனை வாங்கினார்கள். 1895 ஜனவரி 5 அன்று ராணுவப் பள்ளியின் முற்றத்தில் அவர் சீருடையின் சின்னங்களைப் பிய்த்து, வாளை முறித்தார்கள். அந்த நிலையிலும் அவர் "நான் குற்றமற்றவன், பிரான்ஸ் வாழ்க" என்றுதான் கத்தினார். வெளியே அவரைக் கொல்லச் சொல்லிக் கூவிய கூட்டமும் பிரான்ஸின் பெயரால்தான் கூவியது.

மறு ஆண்டு உளவுப் பிரிவின் தலைவர் பிக்கார், உண்மையான எழுத்து எஸ்டர்ஹாசி என்ற வேறொரு அதிகாரியுடையது என்று கண்டுபிடித்தார். பிக்கார் யூதர்கள்மேல் பிரியம் உள்ளவர் அல்லர், அதைக் கவனியுங்கள். மேலதிகாரிகளிடம் போய்ச் சொன்னார். 'ராணுவத்தின் மானம்' கெடக் கூடாது என்று அவரைத் துனீசியாவுக்குத் தூக்கி அடித்தார்கள். அவருக்குக் கீழே இருந்த ஆன்றி என்ற அதிகாரி, டிரைஃபஸ் மேலுள்ள குற்றச்சாட்டுக்கு முட்டுக்கொடுக்க, அந்த ஒட்டுக் கடிதத்தைத் தயாரித்தார். கோட்டின் நிறம் அவரைக் காட்டிக்கொடுத்ததும் ஒப்புக்கொண்டு, சிறையில் தற்கொலை செய்துகொண்டார். அதற்குப் பிறகும் அதை 'தேசபக்தப் போலி' என்று புகழ்ந்து எழுதியவர்கள் உண்டு.

நாட்டின் மானத்தைக் காப்பாற்றுகிறோம் என்றவர்களால் நாட்டுக்கு என்ன கிடைத்தது? ரகசியத்தை விற்ற எஸ்டர்ஹாசி 1898 ஜனவரியில் விடுதலையாகி, பின்னர் இங்கிலாந்துக்கு ஓடிவிட்டார். நிரபராதி தொலைதூரத் தீவில் நான்கு ஆண்டுக்கு மேல் கிடந்தார். 1906 ஜூலை 12 அன்றுதான் நாட்டின் உச்ச நீதிமன்றம் அவரை முழுமையாக விடுவித்தது. கண்ணை மூடிய பற்று எதிரிக்கு உதவும் என்பதற்கு இதைவிடத் துல்லியமான கணக்கு வேண்டியதில்லை. குய்ஞேயையும் மறக்க வேண்டாம். டிரைஃபஸ் குற்றவாளி என்று நம்பியவர் அவர். கடைசிவரை அந்த எண்ணத்தை விடவும் இல்லை. ஆனாலும் கண்ணில் பட்டதை மறைக்காமல் அமைச்சரிடம் சொன்னார். யோசித்து நேசிப்பவரிடம் நாம் எதிர்பார்க்கிற குறைந்தபட்சம் இதுதான்.

"சரியோ தவறோ, என் நாடு" என்ற வாசகம் ஸ்டீபன் டெக்கேட்டர் என்ற அமெரிக்கக் கடற்படைத் தளபதி 1816-ல் ஒரு விருந்தில் சொன்னது. பிற நாடுகளோடு உள்ள உறவில் நம் நாடு எப்போதும் சரியான பக்கம் இருக்கட்டும் என்ற வாழ்த்து அதற்கு முன்னால் இருந்தது. மேற்கோள் காட்டுகிறவர்கள் அதை வசதியாக விட்டுவிடுகிறார்கள். 1872-ல் செனட்டர் கார்ல் ஷுர்ஸ் அந்த வாசகத்துக்கு வாலைச் சேர்த்தார்: சரியாக இருந்தால் சரியாகவே வைத்திருக்க வேண்டும், தவறாக இருந்தால் திருத்த வேண்டும். ஷுர்ஸ் ஜெர்மனியில் பிறந்து அமெரிக்காவில் குடியேறியவர்.

திருத்துவது என்றால் நடைமுறையில் என்ன செய்வது? பெரும்பாலும் காகித வேலைதான். 1942-ல் அமெரிக்க அரசு ஜப்பானிய வம்சாவளியினர் ஏறத்தாழ 1,20,000 பேரை வீடுகளிலிருந்து அகற்றி முகாம்களில் அடைத்தது. அவர்களில் நாட்டுக்கு விசுவாசமானவர்களைப் பிரித்தறிய நேரம் இல்லை என்று காரணம் சொன்னது. ஆனால் ராணுவ அறிக்கையின் முதல் வடிவத்தில், நேரம் ஒரு பிரச்சினையே இல்லை, இந்த இனத்தவரைப் பிரித்தறியவே முடியாது என்றுதான் எழுதியிருந்தது. அந்தப் பிரதிகளை எரித்துவிட்டு அறிக்கையைத் திருத்தினார்கள். ஒரு பிரதி தப்பியது. தேசிய ஆவணக் காப்பகத்தில் அதைக் கண்டெடுத்தவர் ஐக்கோ ஹெர்சிக்-யோஷினாகா, பதின்வயதில் அதே முகாம்களில் இருந்தவர். 1988-ல் சட்டம் இயற்றி அரசு மன்னிப்புக் கேட்டது. உயிரோடு இருந்த ஒவ்வொருவருக்கும் 20,000 டாலர் கொடுத்தது.

இங்கே ஒரு கேள்வி வரும். நான் செய்யாத தவறுக்கு நான் ஏன் தலைகுனிய வேண்டும்? விளையாட்டில் ஜெயித்தால் "நாம் ஜெயித்தோம்" என்கிறோம், மைதானத்தில் கால் வைக்காதவர்கள்கூட. அந்த 'நாம்' பெருமைக்கு மட்டும் பொருந்தி, பழிக்குப் பொருந்தாது என்றால் அது கணக்கு இல்லை. 1970 டிசம்பர் 7 அன்று வார்சாவில், யூதர் குடியிருப்பில் எழுந்த கிளர்ச்சியின் நினைவிடத்தில் மண்டியிட்ட ஜெர்மன் தலைவர் வில்லி பிராண்ட், நாஜிகளுக்கு அஞ்சி 1933-லேயே நாட்டைவிட்டு ஓடியவர். அவர் கையில் இரத்தம் இல்லை. ஆனாலும் மண்டியிட்டார். அப்போதைய கருத்துக்கணிப்பு ஒன்றில் மேற்கு ஜெர்மானியரில் 48 சதவீதம் பேர் இது அதிகம் என்றார்கள், 41 சதவீதம் பேர் பொருத்தம் என்றார்கள். நாட்டை நேசித்துச் செய்கிற காரியம் அன்றைக்கே கைதட்டல் வாங்கும் என்று எண்ண வேண்டாம்.

நாட்டைப் பற்றிய ஒரு செய்தி வந்தால், புகழ்ச்சியோ பழியோ, முதலில் பெயரை மாற்றிப் பாருங்கள். அதே வாக்கியத்தில் பிடிக்காத ஒரு நாட்டின் பெயரைப் போட்டதும் உங்கள் தீர்ப்பு தலைகீழாகிறதா? அப்படியானால் நீங்கள் செயலை எடை போடவில்லை. அடுத்து எண்ணைப் பாருங்கள். மொத்தமா, தலைக்கா? மக்கள் தொகை பத்து மடங்கு உள்ள நாடு மொத்தத்தில் முன்னால் நிற்பதில் அதிசயம் இல்லை. எந்த ஆண்டிலிருந்து கணக்கு என்றும் கேளுங்கள். 100 ஆக இருந்தது 60-க்கு விழுந்து மறுபடி 90-க்கு ஏறினால், "50 சதவீத வளர்ச்சி" என்று சொல்லலாம், பொய்யும் இல்லை. பழைய இடத்துக்கு இன்னும் 10 குறைவு என்பதும் உண்மை. எதிரணிக்காரர் 100-லிருந்து எண்ணி "10 சதவீதச் சரிவு" என்பார். அவரையும் இதே கேள்வியால் மடக்குங்கள்.

"நம்ம நாடு உருப்படாது" என்று திண்ணையில் சொல்வதும் தேசபக்தி முழக்கமும் ஒரே சோம்பேறித்தனம்தான். இரண்டும் எதையும் பார்க்க வேண்டாம் என்று அனுமதி கொடுக்கின்றன. இடித்துரைப்பது வேறு. அதற்கு ஓர் ஆணை, ஒரு தேதி, ஓர் அலுவலகம், கேட்கிற ஒரு மாற்றம் என்று முகவரி வேண்டும்.

அரசு ஆவணங்களைக் குடிமக்கள் பார்க்கும் உரிமையை ஸ்வீடன் 1766-லேயே சட்டமாக்கியது. இன்று பல நாடுகளில் அப்படிச் சட்டம் இருக்கிறது. அதைப் பயன்படுத்துகிறவர்கள் தடுக்கி விழுகிற இடம் 'ஏன்' என்ற சொல். "பாலம் ஏன் இடிந்தது?" என்று எழுதினால் ஒரு கருத்து வரும், அல்லது அப்படித் தகவல் எங்களிடம் இல்லை என்று வரும். "இந்தப் பாலப் பணியின் ஒப்பந்தம், அளவுப் பதிவேடு, தர ஆய்வு அறிக்கை ஆகியவற்றின் நகல்" என்று கேட்டால், இருக்கிறதா இல்லையா என்று சொல்லியே தீர வேண்டும். இல்லை என்பதும் ஒரு பதில். சில சமயம் அதுதான் முக்கியமான பதில். ஒரு மனுவில் ஒரு பணி போதும். இருபது ஆண்டுக் கணக்கை ஒரே மூச்சில் கேட்டால், திரட்ட ஆள் இல்லை என்று தள்ளிவிடுவார்கள். முதல் கடிதத்துக்குப் பதில் வராமல் போவதும் சகஜம். அனுப்பிய தேதிக்கான ஒப்புகைச் சீட்டைப் பத்திரமாக வையுங்கள். மேல்முறையீட்டில் முதலில் கேட்பது அதைத்தான்.

வணக்கம்.