மூழ்கும் கட்டைக்குக் கனமில்லை என்றா பெயர்?

நடுவருக்கும் அவைக்கும் வணக்கம். புகைத்தால் மணக்கும் கட்டைக்கு அகில் என்று பெயர். அந்த ‘அகில்’, தமிழ் தந்த சொல்லா, தமிழுக்கு வந்த சொல்லா? தந்த சொல்தான்.

எதிரணி நண்பர் ஒரு போடு போட்டார்: “அகில் கட்டையைக் கண்ணால் காணாதவர்கள் வேரைத் தோண்ட வந்துவிட்டார்கள்!” நீங்களும் கைதட்டினீர்கள். இருக்கட்டும், அதற்கு வருகிறேன்.

முதலில் ஒரு கழுகுக் கதை. மலபார்க் கரையில் இறங்கிய போர்ச்சுக்கீசியர் காதில் ‘அகில்’ விழுந்தது. அவர்கள் நாக்கில் அது ‘ஆகிலா’ ஆனது. அது அவர்கள் காதுக்குக் கழுகின் பெயரைப் போலக் கேட்டது. எழுதிவிட்டார்கள், கழுகு மரம் என்று! பின்னால் வந்த ஆங்கிலேயரும் ‘ஈகிள்வுட்’ என்றே எழுதினார்கள். அந்த மரத்துக்கும் கழுகுக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை, ஐயா! கழுகு கூடு கட்டியதா? கொத்தியதா? ஓர் இறகாவது உதிர்த்ததா? கப்பலேறிய கட்டைக்கு நடுக்கடலில் இறக்கை முளைத்துவிட்டது! அந்தக் கழுகின் அலகைத் திறந்து பாருங்கள், உள்ளே நம் அகில் இருக்கும்.

‘அகுரு’ என்ற வடசொல்தான் மூலம் என்றார் நண்பர். அகுரு என்றால் கனமில்லாதது என்று பொருள் சொல்கிறார்கள். ஆனால் பிசின் ஏறிய நல்ல அகில் தண்ணீரில் மூழ்கும். சீனர்கள் அதற்கு வைத்த பெயரே ‘மூழ்கும் நறுமணம்’. மூழ்குகிற கட்டையைக் கனமில்லாதது என்று யார் கூப்பிடுவார்கள்? எபிரேய ‘அகாலிம்’ வரை இந்தச் சொல் போயிருக்கிறது என்று கால்டுவெலே ஒப்பிலக்கணத்தில் எழுதியிருக்கிறார். பட்டினப்பாலையோ, “குடமலைப் பிறந்த ஆரமும் அகிலும்” என்கிறது. மேற்கு மலையில் பிறந்த சந்தனமும் அகிலும் என்று பொருள். காவிரிப்பூம்பட்டினத்தில் வந்து குவிந்த சரக்கு அது.

சரி, கண்ணால் பார்த்ததுண்டா என்ற கேள்விக்கு வருகிறேன். பார்த்திருக்கிறேன், நண்பரே. எங்கள் அப்பாயியின் தகரப்பெட்டியில், வெற்றிலைச் சுருக்குப்பைக்கு அடியில், பழைய வேட்டித் துணியில் முடிந்து கிடக்கும். விரல் நீளம்தான் இருக்கும். ஒரு பக்கம் வெளிறி, மறுபக்கம் கருத்து இருக்கும். மரம் காயம்பட்டு, அதில் பூஞ்சணம் ஏறி, மரமே பிசின் சுரந்து கருத்த பக்கம் அது. வாசம் அதில்தான்.

வெள்ளிக்கிழமை எண்ணெய்க் குளியல் முடிந்ததும், தணலில் அதை ஊசிமுனை அளவு சீவிப் போடுவாள். மேலே கூடையைக் கவிழ்ப்பாள். அத்தைகளின் ஈரக்கூந்தலை அதன்மேல் விரிப்பாள். கூடையின் கண்களிலிருந்து புகை எழுந்து முடிக்குள் போகும். “ஆடாதடி, அகில் வீணாப் போகுது” என்பாள். நெடுநல்வாடையில் வாடைக்காலத்து மகளிர், கருத்த வயிரமுள்ள அகிலைப் புகைக்கிறார்களே, அதே புகை.

அவளுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. அகுருவும் தெரியாது, ஆகிலாவும் தெரியாது. அகில் தெரியும். போன ஐப்பசியில் போய்விட்டாள். பெட்டியை நான்தான் திறந்தேன். அவள் தலைமாட்டில் ஒரு சீவல் புகைத்தோம். மீதி இந்தக் கைக்குட்டையில் இருக்கிறது.

நடுவர் ஐயா, கையை நீட்டுங்கள். முகர்ந்து பார்த்துவிட்டு நண்பரிடம் கொடுங்கள்.