ஷாப்பாக்கை விட்டுப் போனவன்

நண்பர்களே, வணக்கம்.

எட்கர் ரைட்ஸ் இயக்கிய ‘ஹைமாட்’ என்ற ஜெர்மன் தொடரைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். 1984இல் மேற்கு ஜெர்மனித் தொலைக்காட்சியில் வந்தது. 11 பகுதிகள், 15 மணி நேரத்துக்கு மேல் ஓடும். ஹுன்ஸ்ருக் மலைப்பகுதியில் ஷாப்பாக் என்ற கற்பனைக் கிராமம். அங்கே ஒரு குடும்பத்தின் கதை, 1919 முதல் 1982 வரை. ரைட்ஸ் பிறந்ததும் அதே மலைப்பகுதிதான்.

முதல் உலகப் போர் முடிந்து பால் சிமோன் நடந்தே ஊர் திரும்புகிறான். அப்பா கொல்லர். பால் வானொலிப் பெட்டி செய்து பார்க்கிறான், மரியாவைக் கட்டிக்கொள்கிறான், இரண்டு பையன்கள் பிறக்கிறார்கள். 1928இல் ஒருநாள் யாரிடமும் சொல்லாமல் கிளம்பிப் போய்விடுகிறான். துரத்தப்பட்டவர்கள் கதையில் பழி சொல்ல ஒரு ஆள் இருப்பான். பாலை யாரும் துரத்தவில்லை. தெளிவான காரணம் ஒன்றைத் தொடர் நம் கையில் கொடுக்கவும் இல்லை. அந்தத் துணிச்சல் எனக்கு மிகவும் பிடிக்கும்.

1939இல் அமெரிக்காவிலிருந்து கப்பலில் ஹாம்பர்க் துறைமுகம் வரை வருகிறான். இறங்க விடவில்லை. நாஜி ஆட்சி கேட்ட, ‘ஆரியன்’ (யூத வம்சாவளி இல்லாதவன்) என்று காட்டும் சான்றிதழ் அவனிடம் இல்லை; சிமோன் என்ற பெயரோ யூதப் பெயர்போல இருக்கிறது. அவனைப் பார்க்க மரியா ஊரிலிருந்து வந்திருக்கிறாள். அதற்குள் போர் வந்துவிடுகிறது. இதற்கு நடுவில் மரியா நேசிக்கும் ஓட்டோ, சாலை போட வந்த பொறியாளர், யூத வம்சாவளி என்பதால் வேலையை இழக்கிறார்.

சரி, 1946இல் பால் வந்தே சேர்கிறான், இப்போது பெரிய தொழிலதிபர். ஊரே வாய் பிளந்து பார்க்கிறது. மரியா அவனைக் கணவனாகத் திரும்ப ஏற்பதில்லை. ஊரிலேயே இருந்தவள்தான், ஆனால் ஓட்டோவை நேசித்து, இழந்து, அவருடைய மகனையும் வளர்ப்பவள். பால் விட்டுப் போன மரியா அங்கே இல்லை. ஊரில் தங்கிவிட்டவர்களும் இடம் பெயர்ந்துகொண்டேதான் இருக்கிறார்கள் என்பதை இவ்வளவு பொறுமையாகக் காட்டிய வேறொரு தொடரை நான் பார்த்ததில்லை.

ஆனாலும் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். யூத இன அழிப்பைத் தொடர் ஓரமாகவே கடந்துபோகிறது என்ற விமர்சனம் அப்போதே எழுந்தது. நியாயமான விமர்சனம். துறைமுகத்தில் தடுக்கப்பட்ட பாலுக்குத் திரும்பிப் போக அமெரிக்கா இருந்தது. அதே 1939 மே மாதம், அதே ஹாம்பர்க்கிலிருந்து ‘செயிண்ட் லூயிஸ்’ கப்பலில் 900க்கும் மேற்பட்டோர் கிளம்பினார்கள், பெரும்பாலும் யூதர்கள். மிகச் சிலரைத் தவிர யாரையும் கியூபா இறங்க விடவில்லை, அமெரிக்காவும் சேர்த்துக்கொள்ளவில்லை. ஐரோப்பாவுக்கே திரும்பினார்கள். அவர்களில் 254 பேர் இன அழிப்பில் மாண்டார்கள். அப்படிப்பட்டவர்களின் கதைக்கு அந்த 15 மணி நேரத்தில் இவ்வளவு குறைவாக இடம் கிடைத்ததை என்னால் ஏற்க முடியவில்லை.