சருகில் கூடு கட்டும் ஆமை: ஆசிய ராட்சத ஆமையை வளர்த்துப் பெருக்குவது எப்படி?

(காட்சி: ஈரமான மலைக்காட்டுத் தரை. கறுத்த பெரிய ஆமை ஒன்று பின்பக்கமாக நகர்ந்தபடியே சருகுகளை வாரித் தள்ளுகிறது.)

ஆமை முட்டையிடுகிறது என்றதும் நமக்குத் தெரிந்தது ஒரே முறைதான். பின்னங்காலால் குழி பறிக்கும், முட்டையிடும், மண்ணைத் தள்ளி மூடும், திரும்பிப் பார்க்காமல் போய்விடும். சென்னைக் கடற்கரைக்கு வரும் பங்குனி ஆமை அப்படித்தான். புதர்க்காட்டில் வாழும் நட்சத்திர ஆமையும் அப்படித்தான்.

திரையில் இருக்கும் ஆமை குழி பறிக்கவில்லை. சுற்றிலும் கிடக்கும் சருகையெல்லாம் முன்னங்காலால் பின்னோக்கி வாரிவாரி ஒரு மேடு கட்டுகிறது. அந்த மேட்டுக்குள் முட்டையிட்டு மூடிவிட்டு, அங்கேயே காவலுக்கும் இருக்கப்போகிறது. ஊர்வனவற்றில் இந்தப் பழக்கம் உள்ளவை வேறும் உண்டு. மேற்குத் தொடர்ச்சி மலையில் இருக்கும் ராஜநாகம் சருகைக் கூட்டிக் கூடு கட்டும், உப்புநீர் முதலையும் மேடு கட்டிக் காவல் காக்கும். ஆனால் நில ஆமைகளில் சருகு மேடு கட்டி, தரைக்கு மேலே முட்டையிட்டுக் காவல் காப்பது இந்த இனம்தான்.

இதன் பெயர் ஆசிய ராட்சத ஆமை. அறிவியல் பெயர் மனூரியா எமிஸ். ஆசியாவின் மிகப் பெரிய நில ஆமை. ஓடு 60 சென்டிமீட்டர் வரை வளரும், எடை 30 கிலோவைத் தாண்டும். பின்தொடையில் பெரிய முள் போன்ற செதில்கள் கொத்தாகத் துருத்தி நிற்பதால் ஆறு கால் ஆமை என்றும் சொல்வார்கள். வடகிழக்கு இந்தியா, வங்கதேசம், மியான்மர், தாய்லாந்து, மலேசியா, சுமத்ரா, போர்னியோ என நீளும் மழைக்காடுகள்தான் இதன் வீடு. சர்வதேச சிவப்புப் பட்டியலில் இது இப்போது 'மிக அருகிய இனம்'. இறைச்சிக்காகப் பிடித்தது ஒரு காரணம், காடு சுருங்கியது இன்னொன்று. மலைச் சாகுபடிக்காகக் காட்டை எரிக்கும்போது பறவை பறந்துவிடும், மான் ஓடிவிடும். இந்த ஆமையால் முடியாது.

(காட்சி: வரைபடம். நாகாலாந்தும் சிட்டகாங் மலைப்பகுதியும் ஒளிர்கின்றன.)

சரி, இதை மனிதக் கண்காணிப்பில் வளர்த்து எண்ணிக்கையைக் கூட்ட முடியுமா? முடியும். நாகாலாந்தில் திமாப்பூருக்கு அருகே ரங்கப்பஹாரில் இருக்கும் விலங்கியல் பூங்காவில், டர்ட்டில் சர்வைவல் அலையன்ஸ் அமைப்பும் வனத்துறையும் சேர்ந்து நடத்தும் திட்டத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட குஞ்சுகள் பிறந்து வளர்ந்திருக்கின்றன. வங்கதேசத்தில் டாக்காவுக்குப் பக்கத்தில், பவால் தேசியப் பூங்காவில் கிரியேட்டிவ் கன்சர்வேஷன் அலையன்ஸ் என்ற அமைப்பின் மையத்திலும் 2019-ல் குஞ்சுகள் பொரிந்தன.

உள்ளே போவதற்கு முன் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். இது வீட்டில் ஆமை வளர்க்கக் கற்றுக்கொடுக்கும் வீடியோ இல்லை. இந்தியாவில் இந்த ஆமையை வீட்டில் வைத்திருப்பது வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். பூங்காக்களும் மீட்பு மையங்களும் என்ன செய்கின்றன, ஏன் அப்படிச் செய்கின்றன என்பதைத்தான் பார்க்கப்போகிறோம்.

முதல் வேலை, வந்து சேரும் ஆமை யார் என்று பார்ப்பது. இந்த இனத்தில் இரண்டு துணையினங்கள் உண்டு. வடக்கே, அதாவது நம் வடகிழக்கு மாநிலங்கள், வங்கதேசம், மியான்மர் பக்கம் இருப்பது ஃபேரி. பிரிட்டிஷ் பர்மாவில் ஆணையராக இருந்த ஆர்தர் ஃபேரியின் பெயர் அது. தெற்கே மலேசியா, சுமத்ரா, போர்னியோவில் இருப்பது எமிஸ். ஆமையைத் திருப்பி வயிற்று ஓட்டைப் பார்த்தால் வித்தியாசம் தெரியும். மார்புப் பகுதியில் இருக்கும் இரண்டு தட்டுகளும் நடுவில் ஒட்டினால் ஃபேரி, ஒட்டாமல் விலகி நின்றால் எமிஸ். இது சின்ன விஷயமாகத் தோன்றும். ஆனால் இரண்டையும் ஒரே கூடத்தில் விட்டால் கலப்பினக் குஞ்சுகள் பிறக்கும். அவற்றை எந்தக் காட்டில் கொண்டுபோய் விடுவது? காட்சிக்கு வைக்கலாம், அவ்வளவுதான்.

சந்தையிலிருந்தும் வீடுகளிலிருந்தும் மீட்கப்பட்டு வரும் ஆமைகள் பெரும்பாலும் நல்ல நிலையில் இருக்காது. நீர்ச்சத்து வற்றியிருக்கும், குடலில் புழு இருக்கும், ஓட்டில் அடிபட்ட காயம் இருக்கும். அதனால் தனியே வைத்து, சாணத்தைப் பரிசோதித்து, மூக்கில் சளி ஒழுகுகிறதா என்று பார்த்து, பல நாள் கடந்த பிறகே மற்றவற்றோடு சேர்க்க வேண்டும். வேறு இன ஆமைகளோடு ஒரே இடத்தில் வைக்கவே கூடாது. ஒரு இனம் தாங்கிக்கொள்ளும் கிருமி இன்னொன்றைக் கொன்றுவிடும்.

(காட்சி: மரநிழல் அடர்ந்த வளாகம். ஆழமில்லாத சேற்றுக்குளம்.)

அடுத்தது இடம். நட்சத்திர ஆமையைப் பார்த்துப் பழகிய கண்ணோடு இந்த ஆமைக்கு இடம் அமைத்தால் எல்லாமே தலைகீழாகப் போகும். அது வெயிலும் வறண்ட புல்லும் பழகியது. இது மழைக்காட்டு நிழலில், ஈரத்தில் வாழ்வது. விடியற்காலையிலும் மாலையிலும் நடமாடும், மழை பெய்தால் இன்னும் உற்சாகமாக நடமாடும். வெப்பம் 30 டிகிரியைத் தாண்டினால் நிழலையும் சேற்றையும் தேடிப் போய் அசையாமல் கிடக்கும். ஆகவே மரநிழல், தெளிப்பான், கால் மூழ்கும் அளவுக்கு ஒரு குளம் மூன்றும் வேண்டும். குளத்தின் கரை சரிவாக இருக்க வேண்டும். செங்குத்தான தொட்டியில் இறங்கினால் இவ்வளவு எடையோடு ஏறி வர முடியாது, மூழ்கிவிடும். சுற்றுச்சுவர் திடமானதாக, மறுபக்கம் தெரியாததாக இருப்பது நல்லது. கம்பிவேலி என்றால் வெளியே தெரியும் பச்சையை நோக்கி நாள் முழுக்க முட்டிக்கொண்டே இருக்கும்.

உணவில் பெரிய மர்மம் இல்லை. காட்டில் இலைதழை, மூங்கில் குருத்து, காளான், விழுந்த பழங்கள், நடுவில் கிடைக்கும் புழு பூச்சி, எப்போதாவது தவளை. பூங்காவிலும் இதையொட்டித்தான் கொடுக்கிறார்கள். பழத்தைக் குறைத்து இலையைக் கூட்டுவார்கள். முட்டையிடும் பெண்ணுக்குக் கால்சியம் அவசியம்.

இனச்சேர்க்கைக் காலத்தில் பூங்கா ஊழியர்களுக்கு முதலில் கிடைக்கும் தகவல் சத்தம்தான். ஆண் தலையை மேலும் கீழும் ஆட்டிக்கொண்டு முனகும். பெண்ணும் பதிலுக்குக் குரல் கொடுக்கும். ஆமைக்குக் குரலே கிடையாது என்று நினைப்பவர்களுக்கு இதைக் கேட்டால் ஆச்சரியமாக இருக்கும். ஆணை வால் நீளத்தையும், உட்குழிந்த வயிற்று ஓட்டையும் வைத்து அடையாளம் காணலாம். ஒரு ஆணுக்கு இரண்டு மூன்று பெண்கள் என்று வைத்தால் ஒரே பெண்ணைத் துரத்திக்கொண்டே இருக்காது.

இப்போது கூட்டுக்கு வருவோம். இந்த ஆமையை மற்ற ஆமைகளிலிருந்து பிரிப்பதே இந்த இடம்தான்.

(காட்சி: குவிந்த சருகு மேட்டின் குறுக்குவெட்டுப் படம்.)

இந்தக் கூடு கட்டும் வழக்கம் நன்றாகப் பதிவானது காட்டில் இல்லை, விலங்குக் காட்சிசாலைகளில். 1982-ல் ஹவாயின் ஹொனலுலு காட்சிசாலையில் கண்டவற்றை ஷான் மெக்கியோனும் அவருடன் பணியாற்றியவர்களும் எழுதினார்கள். அதே ஆண்டு நெதர்லாந்தின் வாசெனார் காட்சிசாலையிலிருந்தும் இனப்பெருக்கம் பற்றிய கட்டுரை வந்தது.

பெண் ஆமை பல நாள் உழைத்து, சில மீட்டர் சுற்றளவில் கிடக்கும் சருகை இழுத்துச் சேர்க்கும். மேட்டின் நடுவில் குழிவு செய்து இருபதிலிருந்து ஐம்பது வரை முட்டையிடும். அப்புறம் மறுபடியும் மூடும். யாராவது அருகில் வந்தால் குறுக்கே வந்து நிற்கும், முட்டித் தள்ளும், கடிக்கும். அப்படியும் விலகாவிட்டால் மேட்டின் மீதே ஏறிப் படுத்துக்கொள்ளும். சில நாட்கள் தொடங்கி இரண்டு மூன்று வாரம் வரை இந்தக் காவல் நீடிக்கும்.

எதற்கு இவ்வளவு பாடு? எருக்குழிக்குள் கையை விட்டால் சூடு தெரியுமே, அதே வேலைதான் இங்கேயும். மட்கும் சருகு வெதுவெதுப்பைத் தருகிறது, ஈரத்தைப் பிடித்துவைக்கிறது. கொட்டும் மழையில் தரையில் குழி பறித்தால் தண்ணீர் நின்று முட்டை அழுகிவிடும். மேடாக இருந்தால் நீர் வடிந்துவிடும். காவல் ஏன் முதல் நாட்களில் மட்டும்? புதிதாக இட்ட முட்டையின் வாசனையைப் பிடித்து உடும்பு போன்றவை வந்து தோண்டும் ஆபத்து அப்போது அதிகம் என்று விளக்குகிறார்கள்.

இது தெரிந்தால் பூங்கா செய்ய வேண்டியது என்ன என்பது தானாக விளங்கும். சருகு வேண்டும். கூடை கூடையாக வேண்டும். தினமும் கூட்டிப் பெருக்கிச் சுத்தமாக வைத்திருக்கும் வளாகத்தில் இந்த ஆமைக்குக் கட்டுவதற்குப் பொருளே இருக்காது. பார்வையாளருக்குக் குப்பையாகத் தெரியலாம், ஆனால் என்னைக் கேட்டால், பல இலட்சம் செலவழித்து வாங்கும் கருவிகளைவிட இங்கே பெரிய முதலீடு ஒரு லாரி மூங்கில் இலைதான். கட்டத் தொடங்கியதும் வளாகத்தில் ஆள் நடமாட்டத்தைக் குறைப்பதும் முக்கியம்.

முட்டையை அங்கேயே விடுவதா, எடுத்து இன்குபேட்டரில் வைப்பதா? இதில் இரண்டு பக்கமும் நியாயம் இருக்கிறது. மேட்டிலேயே விட்டால் வெப்பமும் ஈரமும் இயல்பாக இருக்கும், ஆனால் எலியும் எறும்பும் உள்ளே புகும், என்ன நடக்கிறது என்றும் தெரியாது. எடுத்துவிட்டால் கணக்கு தெரியும், ஆபத்து குறையும். எடுப்பவர் முதலில் தாயைப் பலகை வைத்துத் தடுக்க வேண்டும், அது சும்மா விடாது. அடுத்து, ஒவ்வொரு முட்டையின் மேல்பக்கத்தையும் பென்சிலால் குறித்து, அதே நிலையில் திருப்பாமல் வைக்க வேண்டும். கோழி முட்டையைத் திருப்பிவிடுவது போல் இங்கே செய்தால் உள்ளே ஓட்டோடு ஒட்டி வளரும் கரு சிதைந்துவிடும். ஈரத்தைப் பிடித்துவைக்கும் வெர்மிகுலைட் என்ற கனிமத் துகளிலோ ஈரப் பாசியிலோ பாதி புதைத்து, 28 டிகிரியை ஒட்டி வைத்தால் இரண்டு முதல் மூன்று மாதத்தில் பொரியும். பெரும்பாலான நில ஆமைகளில் குஞ்சு ஆணா பெண்ணா என்பதை அடைகாக்கும் வெப்பமே தீர்மானிக்கிறது. அதனால் எல்லா முட்டையையும் ஒரே சூட்டில் வைத்தால் எல்லாம் ஒரே பாலாகப் போகும் அபாயம் உண்டு.

(காட்சி: உள்ளங்கையில் அடங்கும் குஞ்சு.)

குஞ்சு உள்ளங்கைக்குள் அடங்கும். ஓடு மென்மையாக இருக்கும். இந்த வயதில் காற்றில் ஈரம் குறைந்தால் ஓட்டின் தட்டுகள் கூம்பு கூம்பாகப் புடைத்து வளரும். வளர்ந்த பிறகு அதைச் சரிசெய்ய முடியாது. ஆகவே ஈரச்சருகும் ஆழமில்லாத தண்ணீரும் எப்போதும் இருக்க வேண்டும். சில ஆண்டுகள் வளர்த்து, ஓடு கெட்டிப்பட்டு, சின்னச் சின்ன வேட்டை விலங்குகளால் தூக்கிப்போக முடியாத அளவு வந்ததும்தான் காட்டைப் பற்றி யோசிப்பார்கள். எந்தக் குஞ்சு எந்தத் தாய்க்குப் பிறந்தது என்ற பதிவும் அன்றிலிருந்தே வேண்டும். சில தாய்களே எல்லாக் குஞ்சுகளையும் ஈன்றால், எண்ணிக்கை நூறாக இருந்தாலும் அது ஒரே குடும்பம்தான்.

காட்டில் விடுவது என்றால் வண்டியில் கொண்டுபோய் இறக்கிவிட்டு வருவதில்லை. காட்டுக்குள்ளேயே வேலியடைத்த இடத்தில் முதலில் சில காலம் வைப்பார்கள். ஆமைக்கு அந்த இடம் பழகும். உடனே விட்டால் தெரியாத காட்டில் திசையின்றி நடந்து, கிராமத்துக்கோ சாலைக்கோ போய்ச் சேரும். 2021 டிசம்பரில் வங்கதேசத்தில் பத்து இளம் ஆமைகள் சிட்டகாங் மலைப்பகுதியில் விடப்பட்டன. 2022 டிசம்பரில் நாகாலாந்தின் ந்டாங்கி தேசியப் பூங்காவில் பத்து. 2025-ல், அந்தப் பூங்கா இருக்கும் பெரேன் மாவட்டத்திலேயே ஜேலியாங் சமூகக் காப்பகத்தில் இன்னும் பத்து.

இதில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி ஆமை சம்பந்தப்பட்டதே இல்லை. சிட்டகாங் மலையில் முரோ மக்கள் பரம்பரையாக வேட்டையாடியவர்கள். காட்டுத் தடங்களும் ஆமை எந்தப் பருவத்தில் எங்கே ஒதுங்கும் என்பதும் அவர்களுக்குத்தான் தெரியும். அவர்களில் முன்பு வேட்டையாடிய சிலரே இப்போது சம்பளத்துக்கு ஆமைகளைக் கண்காணிக்கிறார்கள். நாகாலாந்திலும் காட்டின் பெரும்பகுதி அரசிடம் இல்லை, கிராமங்களிடம் இருக்கிறது. ஊர் சம்மதிக்காமல் பூங்காவில் எத்தனை நூறு குஞ்சு பொரித்தாலும் அவற்றை விட இடம் கிடையாது.

ஓட்டில் ஒட்டிய ரேடியோ கருவியின் சிக்னலைப் பிடித்துக்கொண்டு, ஆன்டெனாவைத் தூக்கியபடி மழையில் நடக்கும் இளைஞர்கள்தான் இப்போது இந்தத் திட்டத்தின் கண்கள். எந்த ஆமை எவ்வளவு தூரம் நகர்ந்தது, எதைத் தின்றது, எது இறந்தது என்று எழுதிவருகிறார்கள். விடப்பட்டவை எல்லாம் இளம் ஆமைகள். அவை முட்டையிடும் வயதுக்கு வரப் பல ஆண்டுகள் ஆகும் என்பதால், பூங்காவில் பிறந்தது காட்டில் குஞ்சு பொரித்தது என்ற செய்தி அடுத்த ஆண்டே வரும் என்று எதிர்பார்க்க வேண்டாம். அதுவரைக்கும் ரங்கப்பஹாரிலும் பவாலிலும் தாய் ஆமைகளுக்குச் சருகு கொட்டிக்கொண்டே இருக்க வேண்டியதுதான்.