ஆன்டிபயாடிக்குக்கு அப்புறம் நிற்காத வயிற்றுப்போக்கு: ஆம்ஸ்டர்டாமில் கொடுத்த மருந்து

வணக்கம் மக்களே. இன்றைக்குப் பேசப்போவது மலத்தைப் பற்றி. சாப்பிட்டுக்கொண்டே பார்ப்பவர்கள் சாப்பிட்டு முடித்துவிட்டு வாருங்கள், ஏனென்றால் இது அவசியம் தெரிந்திருக்க வேண்டிய விஷயம்.

ஆன்டிபயாடிக் எடுத்தால் வயிற்றால் போவது நமக்குப் புதிதில்லை. பெரும்பாலும் மருந்து முடிந்ததும் நின்றுவிடும். சிலருக்கு நிற்காது. காய்ச்சல், வயிற்று வலி என்று முற்றிக்கொண்டே போகும். வயதானவர்களுக்கு உயிருக்கே ஆபத்தாகிவிடும். பெருங்குடலில் வரும் இந்தக் கடுமையான அழற்சிக்குப் பின்னால் சி.டிஃபிசில் என்ற பாக்டீரியா இருப்பது 1978 வாக்கில்தான் தெரியவந்தது.

இது எப்படி உள்ளே தலைதூக்குகிறது? கல்லீரலில் இருந்து வரும் பித்த அமிலங்களைக் குடலில் வாழும் சில நல்ல பாக்டீரியாக்கள் வேறு வடிவத்துக்கு மாற்றுகின்றன. மாறிய அமிலம் சி.டிஃபிசிலை வளரவிடாது. மாறாத அமிலமோ, விதை மாதிரி உறங்கிக் கிடக்கும் அதன் ஸ்போர்களை முளைக்க வைக்கும். ஆன்டிபயாடிக் அந்த நல்ல பாக்டீரியாக்களையும் சேர்த்து அழித்துவிட்டால், பயிர் போன வயலில் களை மண்டுவது மாதிரிதான்.

இதற்கும் வான்கோமைசின் என்ற ஆன்டிபயாடிக்கைத்தான் கொடுப்பார்கள். அது வளர்ந்த கிருமியைக் கொல்லும், ஸ்போரைக் கொல்லாது. அதனால் சிலருக்கு நோய் திரும்பத் திரும்ப வருகிறது.

இப்போது ஆம்ஸ்டர்டாமுக்கு வருவோம். அங்கே நடந்த ஆய்வு 2013-ல் வெளியானது. ஆரோக்கியமான ஒருவரின் மலத்தை உப்பு நீரில் கலக்கி, வடிகட்டி, மூக்கு வழியாகப் போட்ட குழாயில் நோயாளியின் சிறுகுடலுக்குள் மெதுவாக இறக்கினார்கள். கேட்கவே ஒரு மாதிரி இருக்கிறது, இல்லையா? ஆனால் 16 பேரில் 13 பேருக்கு ஒரே தடவையில் குணமானது. வான்கோமைசின் மட்டும் எடுத்த 13 பேரில் குணமானவர்கள் 4 பேர்தான். வித்தியாசம் அவ்வளவு தெளிவாக இருந்ததால் ஆய்வை முன்கூட்டியே நிறுத்திவிட்டார்கள். எனக்கு இந்த எண்களைப் படித்தபோது உடம்பு சிலிர்த்தது. மருந்து அழித்ததைத் திருப்பிக் கொடுத்ததே மருந்தாகியிருக்கிறது!

2023-ல் அமெரிக்காவில் இதையே காப்ஸ்யூலாகவும் அனுமதித்துவிட்டார்கள். நோய் திரும்புவதைத் தடுக்க ஒரு நாளைக்கு 4 வீதம் 3 நாள், அவ்வளவுதான்.

ஒன்றை அழுத்திச் சொல்கிறேன், தயவுசெய்து இதை வீட்டில் முயற்சி செய்யாதீர்கள். 2019-ல் அமெரிக்காவில், சரியாகப் பரிசோதிக்காத மலத்தில் இருந்த மருந்துக்கு அடங்காத ஈ.கோலை என்ற பாக்டீரியா பரவி, எதிர்ப்புச் சக்தி குறைந்த ஒரு நோயாளி இறந்தே போனார். எல்லா வயிற்று நோய்க்கும் இதுதான் தீர்வு என்று யாராவது விற்றாலும் நம்பாதீர்கள். உறுதியான பலன் தெரிந்திருப்பது திரும்பத் திரும்ப வரும் சி.டிஃபிசிலுக்குத்தான்.

அப்புறம், இந்த நோயாளியைக் கவனித்துக்கொள்பவர்கள் சானிடைசரை மட்டும் நம்ப வேண்டாம், அது ஸ்போரைக் கொல்லாது. சோப்பும் தண்ணீரும் போட்டுத் தேய்த்துக் கழுவுங்கள். ஆன்டிபயாடிக் எடுக்கும்போதோ முடித்த சில வாரங்களிலோ ஒரே நாளில் மூன்று தடவையோ அதற்கு மேலோ தண்ணீராகப் போனால், போக்கை நிறுத்தும் மாத்திரையை நீங்களாக வாங்கிப் போடாமல் டாக்டரிடம் போங்கள். எந்த ஆன்டிபயாடிக், எப்போது எடுத்தீர்கள் என்பதையும் மறக்காமல் சொல்லுங்கள்.