ஒரு குண்டு விழும் நேரம்

அவையில் அமர்ந்திருக்கும் பெரியோர்களே, ஆசிரியர்களே, மாணவ நண்பர்களே, அனைவருக்கும் வணக்கம்.

பீசா நகரத்துச் சாய்ந்த கோபுரத்தின் கதை உங்கள் எல்லாருக்கும் தெரியும். கலிலியோ அதன் உச்சியில் ஏறினார், பெரிய குண்டையும் சிறிய குண்டையும் ஒன்றாகக் கீழே விட்டார், இரண்டும் ஒன்றாகவே தரையைத் தொட்டன, கனமான பொருள் விரைவாக விழும் என்ற அரிஸ்டாட்டிலின் கொள்கை அன்றோடு வீழ்ந்தது என்பார்கள். அவருடைய கடைசிக் காலத்துச் சீடரான விவியானி எழுதிய வாழ்க்கை வரலாற்றிலிருந்து பரவிய கதை இது. பீசா கோபுரத்தில் இப்படிச் செய்ததாகக் கலிலியோ தம் நூல்களில் எங்கும் எழுதவில்லை. நடந்திருக்கலாம், நடக்காமலும் இருந்திருக்கலாம். அந்த வழக்கை நான் இங்கே எடுக்க வரவில்லை. என் வருத்தம் வேறு. உண்மையான உழைப்பு எங்கே நடந்ததோ அந்த இடத்தை இந்தக் கதை மறைத்துவிடுகிறது.

குண்டுகளைக் கீழே போட்டுப் பார்ப்பது கலிலியோவோடு தொடங்கியதும் அல்ல. ஆறாம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவில் வாழ்ந்த ஃபிலோபோனஸ், எடையில் பெரிதும் வேறுபட்ட இரண்டு பொருள்களை ஒரே உயரத்திலிருந்து விட்டால் அவை விழும் நேரத்தில் மிகச் சிறிய வேறுபாடே இருக்கும் என்று எழுதிவைத்தார். 1586இல் ஸ்டெவின் என்ற கணித வல்லுநர் தம் நண்பரோடு சேர்ந்து, ஒன்றைவிட மற்றொன்று பத்து மடங்கு கனமான இரண்டு ஈயக் குண்டுகளை 30 அடி உயரத்திலிருந்து ஒரு பலகையின் மேல் விழவிட்டதைப் பதிவு செய்தார். இரண்டும் விழுந்த ஓசை ஒரே ஓசையாகக் கேட்டது.

ஆனால் இரண்டு குண்டுகள் ஒன்றாக விழுந்தன என்பதிலிருந்து ஒரு குண்டு எப்படி விழுகிறது என்று சொல்லிவிட முடியுமா? முதல் நொடியில் எவ்வளவு தூரம்? இரண்டாவது நொடியில் எவ்வளவு? வேகம் கூடிக்கொண்டே போகிறதென்றால் எந்தக் கணக்கில் கூடுகிறது? கேள்வி இங்கேதான் கடினமாகிறது. அந்தக் காலத்துக் கடிகாரங்கள் நாளுக்குப் பல நிமிடம் தவறின. நொடியைப் பிரித்துக் காட்டும் கருவி யாரிடமும் இல்லை. குண்டோ கண் இமைப்பதற்குள் தரையில் கிடக்கிறது.

கலிலியோவின் மேதைமை இங்கேதான் வெளிப்பட்டது. நேரத்தை நுட்பமாக அளக்க முடியாதபோது, விழுவதையே மெதுவாக்கினார். பன்னிரண்டு முழ நீள மரச்சட்டத்தில் நேரான பள்ளம் வெட்டி, அதை வழவழப்பாக்கி, உள்ளே தோல்தாளை ஒட்டி, ஒரு முனையைச் சற்றே உயர்த்தி, நன்கு மெருகிட்ட வெண்கலக் குண்டை அதில் உருளவிட்டார். பெரிய பாத்திரத்திலிருந்து மெல்லிய குழாய் வழியே வடியும் நீரை ஒரு கிண்ணத்தில் பிடித்து, குண்டு உருண்ட நேரத்தில் சேர்ந்த நீரைத் தராசில் நிறுத்தார். நீரின் எடைதான் அவருக்கு நேரம். சட்டத்தின் கால் பங்கு நீளத்தைக் கடக்கச் சரியாகப் பாதி நேரம் ஆனது. நேரம் இருமடங்கானால் தூரம் நான்கு மடங்கு, மும்மடங்கானால் ஒன்பது மடங்கு. இவற்றையெல்லாம் 1638இல் லைடன் நகரில் அச்சான நூலில் அவர் விவரித்தார். அப்போது அவர் வீட்டுக்காவலில் இருந்தார்.

சாய்தளத்தில் உருள்வது வேறு, நேராக விழுவது வேறு என்று ஒருவர் மறுக்கலாம் அல்லவா? மறுக்கக் காரணமும் இருந்தது. 1632இல் வெளியிட்ட நூலில், 100 முழ உயரத்திலிருந்து இரும்புக் குண்டு விழ ஐந்து நொடி ஆகும் என்று கலிலியோ எழுதியிருந்தார். உண்மையில் நான்கு நொடிகூட ஆகாது.

இப்போது நான் சொல்ல விரும்பும் மனிதருக்கு வருகிறேன். பெயர் ரிச்சொலி. இயேசு சபைத் துறவி, வானியலாளர், பொலோனியா நகரத்தில் வாழ்ந்தவர். பூமி சுற்றுகிறது என்ற கலிலியோவின் கருத்தை ஏற்காதவர். அந்தக் கருத்துக்கு ஆதரவாக 49 வாதங்களையும் எதிராக 77 வாதங்களையும் தொகுத்து எழுதியவர். கலிலியோவின் கணக்கு தவறாகத்தான் இருக்கும் என்று எதிர்பார்த்தே அவர் சோதிக்கத் தொடங்கினார்.

முதலில் அவருக்கு ஒரு நொடி வேண்டியிருந்தது. ஊசல் ஒன்றைத் தொங்கவிட்டு, அது ஒரு நாளில் எத்தனை முறை ஆடுகிறது என்று எண்ண முடிவு செய்தார். 1642 ஏப்ரலில், ஒரு நண்பகலிலிருந்து மறு நண்பகல் வரை, துறவிகள் ஒன்பது பேர் மாறி மாறி அமர்ந்து எண்ணினார்கள். நொடிக்கு ஓர் ஆட்டம் என்றால் 86,400 வரவேண்டும். வந்தது 87,998. கிட்டத்தட்ட இரண்டு விழுக்காடுதான் வேறுபாடு. ரிச்சொலிக்கு அது போதவில்லை. ஊசலின் நீளத்தைத் திருத்திக்கொண்டு மீண்டும் எண்ணவைத்தார். நண்பர்களே, ஓர் இரவு முழுவதும் கண்ணயராமல் ஆட்டங்களை எண்ணும் அந்த மனிதர்களை எண்ணிப் பாருங்கள். பாடப்புத்தகத்தில் நாம் ஒரு வரியில் கடந்துவிடும் சூத்திரத்துக்கு அடியில் அவர்களுடைய தூக்கம் கிடக்கிறது.

பிறகு நொடிக்கு ஆறு முறை ஆடும் குட்டி ஊசலைச் செய்தார்கள். அவ்வளவு விரைவாக எண்ண, பொலோனியா வட்டார வழக்கின் சுருக்கமான எண்ணுப்பெயர்களைப் பயன்படுத்தினார்கள். நகரத்தின் நடுவே 97 மீட்டர் உயர்ந்து நிற்கும் அசினெல்லி கோபுரத்திலிருந்தும் வேறு பல உயரங்களிலிருந்தும் களிமண் குண்டுகளை விழவிட்டார்கள். கிரிமால்டி என்ற இளம் துறவி உடனிருந்து உதவினார். ஒளி விளிம்பில் வளைவதைப் பின்னாளில் கண்டறிந்தவர் இவர்தான். கிடைத்த அளவுகள் இவை: ஒரு நொடியில் 15 ரோமானிய அடி, இரண்டு நொடியில் 60, மூன்றில் 135, நான்கில் 240. கழித்துப் பாருங்கள். முதல் நொடியில் 15, அடுத்ததில் 45, அதற்கடுத்ததில் 75, பின்னர் 105. ஒன்று, மூன்று, ஐந்து, ஏழு என்ற ஒற்றைப்படை வரிசை. கலிலியோ சொன்ன அதே வரிசை.

இன்னொன்றும் செய்தார். ஒரே அளவான இரண்டு களிமண் குண்டுகள்: ஒன்று முழுக் களிமண், மற்றது உள்ளே வெற்றிடம் விட்டுப் பாதி எடையில் செய்தது. இரண்டையும் ஒன்றாக விட்டபோது கனமானது தரையைத் தொட்ட கணத்தில் லேசானது இன்னும் 15 அடி உயரத்தில் இருந்தது. எடை வேறுபட்ட குண்டுகளுக்கு இடையே இத்தகைய இடைவெளி இரண்டு விரற்கடைதான் என்று கலிலியோ தம் நூலில் சொல்லியிருந்தார். இங்கே குறுக்கே நிற்பது காற்று. எடை எவ்வளவு இருந்தாலும் ஒரே அளவான குண்டுகள் ஒரே வேகத்தில் செல்லும்போது காற்று ஒரே விசையோடு எதிர்க்கிறது. லேசான குண்டின் எடையோடு ஒப்பிட அந்த எதிர்ப்புப் பெரியது. அதனால் அது பின்தங்குகிறது. காற்றே இல்லாத நிலவில் 1971இல் விண்வெளி வீரர் டேவிட் ஸ்காட் ஒரு சுத்தியலையும் வல்லூறின் இறகையும் விட்டபோது இரண்டும் ஒன்றாகவே விழுந்தன.

தமக்கு ஒவ்வாத முடிவையும் ஒத்த முடிவையும் ரிச்சொலி 1651இல் தம் பெருநூலில் ஒன்றாக அச்சிட்டார். அடி, நொடி, குண்டின் எடை, உடனிருந்தவர்களின் பெயர்கள் எல்லாம் அதில் இருக்கின்றன. வேண்டுமானால் நீங்களும் ஏறிப் போட்டுப் பாருங்கள் என்பதுபோல.

ஒற்றைப்படை வரிசை கைக்கு வந்ததும் அவரும் கிரிமால்டியும் நேரே ஒருவர் வீட்டுக்குப் போனார்கள். பொலோனியாவில் கணிதப் பேராசிரியராக இருந்த கவாலியேரி, கலிலியோவின் மாணவர். மூட்டுநோயால் படுக்கையைவிட்டு எழ முடியாமல், சோதனைக்கு வர இயலாமல் இருந்தவர். அவரிடம்போய், உங்கள் ஆசிரியர் சொன்ன விகிதம் சரிதான் என்று ரிச்சொலி சொன்னார். அதைக் கேட்ட கவாலியேரிக்கு உண்டான மகிழ்ச்சி நம்ப முடியாத அளவுக்கு இருந்தது என்று, பூமி அசையாது என்று வாதிட்ட அதே நூலில், ரிச்சொலியே எழுதிவைத்திருக்கிறார்.