பெர்க்காம்ப் கோலுக்குக் கத்தியவர் யார்?

அடுத்த கேள்வி. ஒரு நண்பர் கேட்டிருக்கிறார்: “1998 கால்பந்து உலகக் கோப்பையில் அர்ஜென்டினாவுக்கு எதிராக நெதர்லாந்து வீரர் பெர்க்காம்ப் அடித்த கோல் வீடியோவில் ஒருவர் அவர் பெயரையே திரும்பத் திரும்பக் கத்துகிறாரே, யார் அவர்? நெதர்லாந்து டிவியில் எல்லாரும் இப்படித்தான் பேசுவார்களா?”

அவர் ஜாக் வான் கெல்டர். ‘கெ’வைத் தொண்டையிலிருந்து காறிச் சொல்ல வேண்டும், எனக்கு வராது, விட்டுவிடுங்கள். 1950இல் பிறந்தவர். அந்நாட்டுப் பொது ஒளிபரப்பான என்ஓஎஸ்ஸில் பல வருடம் இருந்தார். ஸ்டூடியோ ஸ்போர்ட் நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்கியதால் அங்கே எல்லாருக்கும் டிவி முகமாகத்தான் தெரியும். ஆனால் நீங்கள் கேட்ட அந்தக் கத்தல் டிவியில் வந்ததே இல்லை. அது ரேடியோ வர்ணனை. பிறகு யாரோ படத்தோடு ஒட்டிவிட்டார்கள்.

ஜூலை 4, மார்செய் நகரம், காலிறுதி. 1-1. இரண்டு பக்கமும் ஒவ்வொருவர் சிவப்பு அட்டை வாங்கி வெளியே போயாகிவிட்டது. 90 நிமிடம் முடியப்போகிற நேரத்தில் நெதர்லாந்தின் ஃபிராங்க் டி போயர் தன் பாதியிலிருந்து ஒரு நீளப் பந்து போடுகிறார். பெர்க்காம்ப் காலில் வாங்கி, அர்ஜென்டினா தடுப்பாட்டக்காரர் அயாலாவை ஏமாற்றி, உள்ளே தள்ளுகிறார். மூன்றே தொடுதல். ரேடியோக்காரர் இதையெல்லாம் சொல்லியாக வேண்டும், கேட்பவருக்குக் கண் அவர்தானே! வான் கெல்டர் சொல்லவில்லை. ‘டென்னிஸ் பெர்க்காம்ப், டென்னிஸ் பெர்க்காம்ப்’ என்று அலறி, கடைசியில் வெறும் ‘ஓ’வில் போய் நின்றார். எந்தக் காலால் அடித்தார் என்று கேட்டவனுக்குத் தெரியாது. ஆனால் கோல் என்று தெரியும். என்னைக் கேட்டால் வேலையை விட்டுக்கொடுத்து வேலையை முடித்திருக்கிறார்!

டிவியில் இது எடுபடாது. பார்ப்பவருக்கே தெரிகிறதே, எதற்குக் கத்த வேண்டும்? 1974 உலகக் கோப்பை இறுதிப் போட்டி, மியூனிக். நெதர்லாந்து இரண்டாவது நிமிடத்திலேயே முன்னிலை. மேற்கு ஜெர்மனி பெனால்டியில் சமன் செய்து, இடைவேளைக்கு முன் கெர்ட் முல்லர் இரண்டாவது கோலும் போட்டார். நெதர்லாந்து டிவி வர்ணனையாளர் ஹெர்மன் கைப்ஹோஃப் சொன்னது ஒரே வரி. நம் தமிழில் சொன்னால், “கடைசியில் நாம் ஏமாந்துதான் போனோமே.” அவ்வளவுதான். 1940இல் ஜெர்மன் படை நெதர்லாந்துக்குள் வந்த நினைவும் அந்த ‘நாம்’ என்பதில் சேர்ந்து ஒலிக்கிறது என்று சிலர் சொல்வார்கள். எப்படியோ, அந்த வரி அங்கே பழமொழி மாதிரி ஆகிவிட்டது.

அப்புறம் 1988, அதே மைதானம், யூரோ (ஐரோப்பியக் கோப்பை) இறுதி. நெதர்லாந்தின் வான் பாஸ்டன் பந்து தரையில் விழுமுன்பே அடித்த அந்த ‘வாலி’ கோல். அன்று டிவியில் தியோ ரைட்ஸ்மா. “ஆகா, என்ன கோல்!” என்று வியந்தார், உண்மைதான். ஆனால் வான் கெல்டர் மாதிரி அலறவில்லை.

சரி, வான் கெல்டர் பிறகு என்ன ஆனார் என்றால், 2015இல் என்ஓஎஸ்ஸை விட்டு ஸிகோ ஸ்போர்ட் சேனலுக்குப் போனார். அங்கே ரோண்டோ என்ற நிகழ்ச்சியில் மேசையைச் சுற்றி உட்கார்ந்து கால்பந்து பேசினார்கள்.