ஈரான் கடனும் நம் கொழுந்தும்

வணக்கம் நேயர்களே. பொருளாதாரத் தடை என்றதும், அது வாஷிங்டனுக்கும் டெஹ்ரானுக்கும் உள்ள சமாச்சாரம் என்று றேடியோ சத்தத்தைக் குறைத்துவிடாதீர்கள். நம்முடைய தேயிலையும் அதில் மாட்டிக்கொண்டது.

2012இல் ஈரானிய வங்கிகளை ஸ்விஃப்ட் என்ற உலக வங்கித் தொடர்பிலிருந்து வெட்டிவிட்டார்கள். ஈரானிடம் வாங்கிய எண்ணெய்க்கு இலங்கை கொடுக்கவேண்டிய சுமார் 25 கோடி டொலர் அப்படியே நின்றது. 2021 டிசம்பரில் ஓர் உடன்பாடு வந்தது: மாதம் 50 இலட்சம் டொலர் பெறுமதியான தேயிலையாகக் கடனைக் கழிப்பது. ஏற்றுமதியாளருக்கு இங்கேயே ரூபாய் கிடைக்கும். டொலர் கடல் தாண்டாது. கெட்டிக்கார ஏற்பாடுதான். ஆனால் மத்திய கிழக்கில் விரும்பிக் குடிப்பது பெரும்பாலும் காலி, இரத்தினபுரிப் பக்கத்துத் தாழ்நிலத் தேயிலை. நுவரெலியா, டிக்கோயாக் கொழுந்துக்கு இதில் நேரடிப் பங்கு குறைவு.

சரி, தடை பலிக்கிறதா? நோர்வே அறிஞர் யொஹான் கால்டுங் 1967இல், தடைக்கு ஆளாகியிருந்த ரொடீசியாவை, அதாவது இன்றைய ஜிம்பாப்வேயை வைத்து இதை ஆராய்ந்தார். வயிற்றில் அடித்தால் ஜனங்கள் அரசைக் கவிழ்ப்பார்கள் என்பதை அப்பாவித்தனமான கோட்பாடு என்றார். அடி வெளியிலிருந்து விழுந்தால் உள்ளே இருப்பவர்கள் ஒன்றுசேர்ந்துவிடலாம், இருப்பதை வைத்துச் சமாளிக்கவும் பழகிவிடலாம். அங்கிருந்த வெள்ளையர் ஆட்சியும் 1979 வரை இழுத்துக்கொண்டு போனது.

சின்ன நாடு என்றால் கதை வேறு. 2017 டிசம்பரில் ஒரு பொதியில் வண்டு இருந்ததாகச் சொல்லி ரஷ்யா நம் தேயிலையை நிறுத்தியது. இலங்கை அப்போதுதான் கூரைத் தகடு செய்யும் அஸ்பெஸ்டஸ் இறக்குமதியைக் கட்டுப்படுத்தத் தீர்மானித்திருந்தது. அதை விற்பது ரஷ்யா. சில நாட்களுக்குள் தீர்மானம் தள்ளிப்போனது, தேயிலைத் தடையும் நீங்கியது. வண்டுக்கும் கூரைத் தகட்டுக்கும் சம்பந்தமில்லை என்று யார் நம்புவது?

இன்றைய ஐரோப்பிய ஒன்றியத்தின் முன்னோடியான ஐரோப்பிய சமூகம் ஒரு வல்லரசாகி வருகிறது என்று 1973இல் எழுதியவரும் இதே கால்டுங்தான். அவர் அதை எச்சரிக்கையாகச் சொன்னார். எனக்கோ பொறாமையாக இருக்கிறது. 1985இல் டாக்காவில் தொடங்கிய நம் தெற்காசிய நாடுகளின் கூட்டமைப்பான சார்க், 2014 காத்மாண்டுவுக்குப் பிறகு உச்சி மாநாடே கூட்டவில்லை. இந்தியாவுடனான சுதந்திர வர்த்தக உடன்படிக்கையிலும் தேயிலைக்குச் சலுகை வருடம் 1.5 கோடி கிலோவுக்குத்தான். வரம்பு வைத்ததில் நியாயமும் உண்டு: நீலகிரியிலும் கொழுந்து பறிக்கிறார்கள், அவர்களில் பலர் 1964 சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்தால் இங்கிருந்து போன நம் சொந்தக்காரர்கள்.

ஈரானுக்குத் தேயிலை விற்கும் இந்தியாவுக்கும் 2012இல் இதே பணச் சிக்கல்தான். அவர்கள் தங்கள் யூகோ வங்கி வழியாக இந்திய ரூபாயில் கணக்குத் தீர்த்தார்கள். நாம் ஒன்பது வருடம் கழித்து வேறொரு வழி கண்டுபிடித்தோம். ஒரே சரக்கு, ஒரே வாடிக்கையாளர், ஒரே தடை. சேர்ந்து உட்கார்ந்து பேச சார்க்கில் ஒரு மேசைகூட இருக்கவில்லை.